வெரின்னு முடியற மாத்திரை

அம்மா: இந்த மாத்திரை இல்லைங்க. இதுக்கு முன்னாடி ஒன்னு இருந்தது. மஞ்சள் அட்டை.

அப்பா: மஞ்சள் அட்டைன்னு போய்ச் சொல்ல முடியுமா? சிஸ்டர் பேரு கேட்டிருக்காங்க.

அம்மா: அந்தப் பேரு என் வாயில நுழைஞ்சாத்தானே...

அப்பா: டிரோட்டாவெரின்.

அம்மா: ஆங்... அதான் முதல்ல. அப்புறம் மாத்திக் கொடுத்தது, மெபெ...

அப்பா: மெபெவெரின்.

அம்மா: லிஃப்ட் ரிப்பேர் பண்ற ஆளுக்கு இதெல்லாம் மட்டும் தலைகீழ்ப் பாடம். கல்யாண நாள் என்னிக்குன்னு கேட்டா முழிப்பீங்க.

அப்பா: கல்யாண நாளை யாரும் அட்டையில அச்சடிச்சுத் தரலையே.

அம்மா: அச்சடிச்சுத் தந்தாலும்... சரி விடுங்க. ஆஸ்பத்திரி வராந்தாவுல உக்காந்து இதைப் பேசணுமா.

அப்பா: நீதானே எடுத்தே.

அம்மா: ஆமா, நான்தான் எடுத்தேன். எப்பவும் நான்தான். உள்ள நம்ம வண்டு தனியா படுத்திருக்கா. கூட நிக்கறேன்னு சொன்னேன், வெளியில இருங்கன்னுட்டாங்க. தொண்டை வழியா வயித்துக்குள்ள விடற அந்தக் குழாய் எவ்வளவு தடிமன் இருக்கும்ங்க?

அப்பா: சுண்டு விரல் அளவுதான்னு டாக்டர் சொன்னாரே.

அம்மா: சுண்டு விரல் யாரோடது? அவரோடதா, வண்டோடதா? பதினோரு வயசுப் பிள்ளைத் தொண்டைங்க அது.

அப்பா: மயக்கத்துல இருப்பா. தெரியாது.

அம்மா: வாய் ஓயாம பேசிட்டே இருப்பா, நேத்து ராத்திரியில இருந்து ஒரு வார்த்தை இல்லை. நம்ம வண்டா இதுன்னு இருக்கு.

அப்பா: எங்கிட்ட பேசினா. காலையில கம்பெனி கார்ல, நீ பின்னாடி கண்ணசந்தப்ப. ரெண்டு மாத்திரைக்கும் ஏம்ப்பா பேரு ஒரே மாதிரி முடியுதுன்னு.

அம்மா: அதை நேத்து பகல்ல எங்கிட்டயும் கேட்டாளே. நான் உங்ககிட்ட தள்ளி விட்டுட்டேன்.

அப்பா: மருந்துக்கடைக்காரர்கிட்ட முன்னாடியே கேட்டு வெச்சிருந்தேன். வெரின்னு முடிஞ்சா ஒரு வகையாம். ஒரே குடும்பம் மாதிரி. குடல் சுருட்டிப் பிடிச்சா அதைத் தளர்த்தி விடுமாம்.

அம்மா: சீட்டுல இசிவு நீக்கின்னு போட்டிருந்தது.

அப்பா: அதையும் கேட்டா. இசிவுன்னா என்னப்பான்னு.

அம்மா: லிஃப்ட் கேபிளை வெச்சு விளக்கம் சொல்லியிருப்பீங்க.

அப்பா: இல்லை. கையை இப்படி இறுக்கி மூடிக் காட்டினேன். இது தானா இறுகிக்கிட்டு விட மாட்டேங்குது பாரு, அதான் இசிவுன்னேன். அப்புறம் விரலை ஒவ்வொன்னாப் பிரிச்சேன். மாத்திரை பண்ற வேலை இதுதான்னேன்.

அம்மா: என்ன சொன்னா?

அப்பா: என் விரலைப் பிடிச்சு மறுபடி மடக்கி வெச்சா. அப்புறம், ஒரே குடும்பம்னா ஏம்ப்பா வேற வேற டப்பாவுல விக்கறாங்கன்னு கேட்டா.

அம்மா: நீங்க?

அப்பா: சிக்னல் விழுந்துடுச்சு. வண்டியை எடுத்துட்டேன்.

அம்மா: நல்லா எடுத்தீங்க போங்க. நம்ம ரெண்டு பேருக்கும் நழுவறது ஒன்னுதானே வரும்.

சிஸ்டர்: சார், மாத்திரைப் பேரு கிடைச்சுதா?

அப்பா: கிடைச்சுது சிஸ்டர். முதல்ல டிரோட்டாவெரின். அப்புறம் மெபெவெரின். இப்ப போட்டுட்டு இருக்கறது ரெண்டாவது.

சிஸ்டர்: இன்னைக்குக் காலையில போட்டாளா?

அம்மா: அது... தண்ணி கூட குடிக்கக் கூடாதுன்னு சொல்லியிருந்தாங்களே...

சிஸ்டர்: ஒரு வாய்த் தண்ணியில மாத்திரை போட்டிருந்தா பரவாயில்லை மேடம், திட்ட மாட்டேன். டெஸ்ட்டுக்கு முன்னாடி குடல் அசையாம இருக்க ஒரு ஊசி போடுவோம். அதுவும் இந்த வேலையைத்தான் செய்யும். உள்ள ஏற்கெனவே எவ்வளவு போயிருக்குன்னு டாக்டருக்குத் தெரியணும். போட்டாளா, இல்லையா?

அம்மா: கொடுத்தேன் சிஸ்டர். வயித்தைப் பிடிச்சுக் காட்டினா. கொடுத்தேன்.

சிஸ்டர்: முழுங்கினா இல்லே?

அப்பா: பிள்ளைகிட்ட கேட்டீங்களா சிஸ்டர்?

சிஸ்டர்: தலையை ஆட்டறா. ஆமாங்கறாளா இல்லைங்கறாளா எனக்குப் புரியலை. யோசிச்சு வைங்க, டாக்டர் மேல ரவுண்ட்ஸ்ல இருக்கார். அவர் வந்ததும் ஆரம்பிச்சுடுவோம்.

அம்மா: சரிங்க சிஸ்டர். ஏங்க, எதுக்கு என்னை அப்படிப் பாக்கறீங்க?

அப்பா: நான் லிஃப்ட்டைப் பாக்கறேன். ரெண்டாவது மாடியில நிக்கும்போது ஒரு உதறு உதறுது. பிரேக் தேஞ்சிருக்கு.

அம்மா: எல்லா லிஃப்ட்டும் உங்களுக்குக் கேக்கும். வீட்டுல இருக்கறவ மனசுல என்ன ஓடுதுன்னு மட்டும் கேக்காது.

அப்பா: கேட்டிருந்தா இன்னிக்கு மரக்கட்டிலும் ஒரு பக்கெட்டுமா ஒத்த ரூம்ல கிடப்பேனா?

அம்மா: நான் போகச் சொல்லலையே.

அப்பா: இருன்னும் சொல்லலை.

அம்மா: கோவத்துல பெட்டியைத் தூக்கிட்டு நிக்கற மனுஷன்கிட்ட, இருங்கன்னு எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டுச் சொல்றது? நீங்களா வெச்சிடுவீங்கன்னு நெனச்சேன்.

அப்பா: வாசல்ல செருப்பு மாட்டறதுக்கு எவ்வளவு நேரம் எடுத்தேன் தெரியுமா? வார் அறுந்தவன் மாதிரி.

அம்மா: ...பார்த்தேன். ஜன்னல் வழியா.

அப்பா: பார்த்தியா?

அம்மா: பார்த்து என்ன பண்ண. போனது போனதுதான். மறுநாள் வண்டுகிட்ட அப்பாவுக்கு நைட் ஷிஃப்ட்டுன்னு சொன்னேன். நீங்களும் காலையில வந்து பல்லு தேய்ச்சு, பேப்பர் படிச்சு, அவளை ஸ்கூல்ல விட்டுட்டு... நல்லாத்தான் நடிச்சோம்.

அப்பா: நோய்க்கும் பார், பேய்க்கும் பார்னு சொல்வாங்க. நாம நோய்க்கு மட்டும் பார்த்துட்டு இருந்துட்டோம்.

அம்மா: நாம எதுக்கும் பாக்கலைங்க. நான் உங்ககிட்ட ஒன்னு சொல்லணும். டாக்டர் வர்றதுக்குள்ள சொல்லிடணும்.

அப்பா: சொல்ல வேண்டாம்.

அம்மா: என்னன்னே தெரியாம வேண்டாங்கறீங்க. கேளுங்க. முதல் தடவை அவளுக்கு நிஜமாவே வலிச்சுது. நீங்க வீட்டை விட்டுப் போன அந்த வாரம். சுருண்டு சுருண்டு அழுதா. பயந்து போய் உங்களுக்குப் போன் பண்ணினேன்.

அப்பா: வந்தேன்.

அம்மா: வந்தீங்க. அவ தலைமாட்டுலயே உக்காந்தீங்க, ராத்திரி தங்கினீங்க. காலையில வலி போயிடுச்சு. ரெண்டு நாள் கழிச்சு மறுபடி வலின்னா. மறுபடி போன் பண்ணினேன், மறுபடி வந்தீங்க. அப்புறம் அதுவே பழக்கமாயிடுச்சு.

அப்பா: ம்.

அம்மா: அந்த வலியெல்லாம் வலி இல்லைங்க. மாத்திரையை அவ முழுங்கறதே இல்லை. கன்னத்துல ஒதுக்கி வெச்சுக்கிட்டுத் தண்ணியைக் குடிச்சுடுவா. நான் அந்தப் பக்கம் திரும்பினதும் எடுத்துக் கொண்டு போய் ஒளிச்சுடுவா. ஒரு நாள் கையில கிடைச்சுது, கொத்தா... வெள்ளையும் மஞ்சளுமா. நமத்துப் போய்.

அப்பா: ...

அம்மா: அவளைக் கூப்பிட்டுக் கேட்டிருக்கணும். உங்ககிட்டயாவது சொல்லியிருக்கணும். சொல்லலை. ஏன்னு கேளுங்களேன்.

அப்பா: எதுக்கு உன்னை நீயே இப்படி...

அம்மா: நீங்க வர்றீங்களேன்னுதான். வேற எதுக்கு. பிள்ளைக்கு வயித்துவலின்னு போன் பண்ணலாம். எனக்கு நீங்க இல்லாம முடியலைன்னு எப்படிப் பண்றது? மானம் தடுத்துது. அவ பொய் சொன்னா, நான் அந்தப் பொய்யைப் போன்ல படிச்சேன். மருந்து கேக்கலைன்னு டாக்டர் மாத்தி எழுதினாரு, அதுவும் கேக்கலைன்னாரு, இப்ப குழாய் விட்டுப் பாக்கணுங்கறாரு. அப்பவும் வாயை மூடிட்டு இங்க வரைக்கும் கூட்டிட்டு வந்திருக்கேன் பாருங்க. நான்லாம் ஒரு அம்மா.

அப்பா: அழாதே.

அம்மா: நிறுத்தச் சொல்லுங்க. எனக்குப் போய்ச் சொல்ல வாய் வராது. நீங்க சொல்லுங்க.

அப்பா: சிஸ்டர்... சிஸ்டர், ஒரு நிமிஷம்.

சிஸ்டர்: டாக்டர் வந்துட்டே இருக்கார் சார்.

அப்பா: பாப்பா காலையில மாத்திரை போடலை. இத்தனை நாளா எதுவுமே போடலை. அவளுக்கு வலி இல்லை சிஸ்டர். டெஸ்ட் வேண்டாம்.

சிஸ்டர்: என்ன சார் இது, கடைசி நேரத்துல... வலியே இல்லைன்னா எதுக்கு இங்க வரைக்கும்?

அப்பா: தப்பு எங்க மேலதான். டாக்டர்கிட்ட நானே எல்லாம் சொல்றேன்.

சிஸ்டர்: டாக்டர் பேசாம நான் எதுவும் சொல்ல முடியாது. இருங்க, உள்ள பிள்ளைகிட்டயும் கேட்டுட்டு வரேன்.

அம்மா: என்ன சொல்லுவாளோ.

அப்பா: தப்பிச்சோம்னு ஓடி வருவா.

அம்மா: ஓடி வரட்டும். அப்படியே தூக்கிட்டுப் போயிடலாம்.

அப்பா: தூக்கற மாதிரியா இருக்கா. போன மாசமே என் தோள் வரைக்கும் வந்துட்டா.

சிஸ்டர்: மேடம்...

அம்மா: வர்றாளா?

சிஸ்டர்: அழறா. டெஸ்ட் பயமா இருக்கான்னு கேட்டேன். அதுக்கு அழலை. நிறுத்தாதீங்கன்னு அழறா. நெஜமாவே வலிக்குது, குழாய் விட்டுப் பாருங்கன்னு கையெடுத்துக் கும்பிடறா. இத்தனை வருஷத்துல இந்த மாதிரி ஒரு பிள்ளையை நான் பார்த்ததில்லை.

அம்மா: ஐயோ, கண்ணு...

சிஸ்டர்: டெஸ்ட் பண்ணலைன்னா அப்பா இன்னைக்கே ரூமுக்குப் போயிடுவாரான்னு கேக்கறா.

அம்மா: ரூமுக்கா? நைட் ஷிஃப்ட்டுக்குன்னு சொல்லலையா?

சிஸ்டர்: ரூமுக்குன்னுதான் சொன்னா. டாக்டர் வந்ததும் கூப்பிடறேன். ரெண்டு பேரும் சேர்ந்தே வாங்க.

அம்மா: கேட்டீங்களா? எல்லாம் தெரிஞ்சிருக்கு. நாம காலையில பல்லு தேய்ச்சதை எல்லாம் உக்காந்து வேடிக்கை பார்த்திருக்கா. குழாயே போகட்டும், அப்பா போகக் கூடாதுன்னு படுத்திருக்கா.

அப்பா: ம்.

அம்மா: என்ன ம்? நாலு வார்த்தை திட்டுங்களேன். பிள்ளையை இந்த மேசை வரைக்கும் கொண்டு வந்து படுக்க வெச்சிருக்கேன். வேற ஒருத்தனா இருந்தா இந்நேரம் வராந்தாவே அதிர்ந்திருக்கும். நீங்க ஒரு கேள்வி கூட கேக்கலை. எங்கே ஒளிச்சு வெச்சிருந்தான்னு கூட கேக்கலை.

அப்பா: என் ரெயின்கோட் பாக்கெட்டுல... நம்ம வீட்டுக் கதவுக்குப் பின்னாடி மாட்டியிருக்கே, அதுல. மழை ஆரம்பிச்ச அன்னைக்கே கையை விட்டுப் பார்த்துட்டேன். உங்கிட்ட சொன்னா அடுத்த தடவை நீ கூப்பிட மாட்டேன்னு, இருந்த எடத்துலயே திரும்பப் போட்டுட்டு நனைஞ்சுக்கிட்டே போனேன்.