அன்னா மணிக்குக் கீழே நாலு வரி

பிரவீனா: இந்தக் கடைசி நாலு வரி வேணாம். அடிச்சுடு.

மாடத்தி: பேப்பரக் குடுங்கக்கா. டீ சிந்திரும்.

பிரவீனா: சிந்தட்டும். அந்த நாலு வரி மேலயே சிந்தட்டும். உன் லைன் லீடரா சொல்றேன், அடிச்சுடு.

மாடத்தி: கம்பெனிக்குள்ளதான நீங்க லீடரு. இது சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப்பு.

பிரவீனா: வாய் கீதுடி உனுக்கு... கம்பெனி பஸ் வர இன்னும் பத்து நிமிசம் கீது. ஒழுங்கா சொல்லு. ஹெச்.ஆர். மேடம் உன்னிய இன்னா கேட்டாங்க?

மாடத்தி: இன்னைக்கு மகளிர் தினம்லா. மருத்துவத்துலயோ விஞ்ஞானத்துலயோ முன்னால வந்த ஒரு பொம்பளையப் பத்தி மத்தியானக் கூட்டத்துல மூணு நிமிசம் பேசச் சொன்னாங்க.

பிரவீனா: அவ்ளோதான? பேசு. கை தட்டுவாங்க, ரோசாப்பூ குடுப்பாங்க, கேக்கு வெட்டுவாங்க. துன்னுட்டு லைனுக்கு வா. போன வருசம் கோலப் போட்டி வெச்சாங்க, போட்டோம், வந்தோம்.

மாடத்தி: அதுல நீங்கதான ஃபர்ஸ்ட்டு.

பிரவீனா: பேச்ச மாத்தாத. யாருடி அந்த அன்னா மணி? பேசாம முத்துலட்சுமி ரெட்டியப் பத்திப் பேசு. டாக்டரு. அல்லாருக்கும் தெரியும். வம்பு இல்ல.

மாடத்தி: அவங்களா வம்பு இல்லாதவங்க? புதுக்கோட்டையில ஆம்பளப் பிள்ளைங்க மட்டும் படிச்ச காலேஜ்ல போய் உக்காந்தவங்க. எத்தன பேரு குறுக்க நின்னாங்க தெரியுமா? வம்பு வேண்டாம்னு வீட்டுக்குத் திரும்பியிருந்தா டாக்டர் ஆயிருப்பாங்களா?

பிரவீனா: சரி தாயே. உன் அன்னா மணிக்கே வா.

மாடத்தி: மெட்ராஸ்ல பிசிக்ஸ் படிச்சிட்டு பெங்களூருக்குப் போனாங்க. வைரத்துக்குள்ள வெளிச்சம் என்ன பண்ணுதுன்னு ஆராய்ச்சி. ஒரு போட்டோ பிளேட்டு பதிய பதினஞ்சு மணி நேரம், இருவது மணி நேரம் ஆகுமாம். லேப்லயே படுத்துத் தூங்குவாங்களாம்.

பிரவீனா: இருவதா! நமக்கு நாலு மணி நேரம் ஓ.டி. பாத்தாலே இடுப்பு வுட்டுப் பூடுது.

மாடத்தி: கேளுங்க. அம்புட்டையும் எழுதி டாக்டர் பட்டத்துக்கு மெட்ராஸ் யூனிவர்சிட்டிக்கு அனுப்புனாங்க. உங்ககிட்ட எம்.எஸ்சி. இல்ல, பட்டம் தர முடியாதுன்னுட்டாங்க.

பிரவீனா: வேலைய செஞ்சு முடிச்சதுக்கு அப்புறமா?

மாடத்தி: முடிச்சதுக்கு அப்புறம்.

பிரவீனா: ...அழுதாங்களா?

மாடத்தி: அது எங்கயும் எழுதல. இங்கிலாந்துக்குக் கப்பல் ஏறிட்டாங்க. வெயிலு, மழ, காத்து அளக்குற கருவியெல்லாம் எப்பிடிச் செய்யுதாங்கன்னு படிச்சாங்க. திரும்பி வந்து நூறு கருவிக்குக் கிட்ட வரைபடம் போட்டு, நம்ம நாட்டுலயே செய்ய வச்சாங்க. தப்பா அளக்குறதுக்கு அளக்காமலே இருக்கலாம்னு சொல்லுவாங்களாம்.

பிரவீனா: நல்லாதான் கீது. இதோட நிறுத்திடு. இதுக்குக் கீழ இன்னாத்துக்கு உன் கதைய எழுதி வெச்ச? "அவங்ககிட்ட ஒரு சர்டிஃபிகேட் இல்லாமப் போச்சு. என்கிட்ட இருக்கு, நான் ஒளிச்சு வச்சிருக்கேன். நான் பி.எஸ்சி. பிசிக்ஸ்..." ஐயோ!

மாடத்தி: இன்னும் ஒரு வரி இருக்கு.

பிரவீனா: கீது, கீது. "கேலிப்ரேஷன் ரூம் வேலைக்கு என்னையும் பரீட்ச வச்சுப் பாருங்க." மைக்கப் புடிச்சிகினு கேப்பியா? பிளான்ட் ஹெட்டு மூஞ்சிக்கு நேரா?

மாடத்தி: ஆமா. நோட்டீஸ் போர்டுல அவங்களே ஒட்டியிருக்காங்க. அளவுக் கருவியச் சரிபாக்குற வேல, ஒரு ஆள், பிசிக்ஸ் படிச்சிருக்கணும், உள்ள வேல பாக்குறவங்களே கேக்கலாம். நாளையோட முடியுது.

பிரவீனா: உன் ஃபைல்ல பன்னண்டாவதுன்னு கீது.

மாடத்தி: எல்லாரும் அப்பிடித்தானக்கா சேருதாங்க? டிகிரின்னு சொன்னா லைன் வேலைக்கு எடுக்க மாட்டாங்க, நாலு மாசத்துல ஓடிருவன்னு நெனப்பாங்கன்னு ஏஜெண்ட் சொன்னாரு. பன்னண்டு முடிச்சு மூணு வருசம் என்ன பண்ணுனன்னு இன்டர்வியூல கேட்டாங்க. மாடு மேச்சேன்னேன். எங்க வீட்டுல மாடே கிடையாது.

பிரவீனா: மாடு மேச்சவளுக்கு ஜீரோ எரர் எப்டிடி தெரிஞ்சுது? போன மாசம் பாகத்த அளக்குற மைக்ரோமீட்டரு தப்புன்னு சூப்பர்வைசரு தளவாய் சார் கிட்டயே சொல்லிட்ட. அவரு உன்னிய ஒரு மாதிரி பாத்தாரு.

மாடத்தி: யூடியூப்ல பாத்தேன்னு சமாளிச்சேன்லா. தப்ப தப்புன்னு சொல்லாம எப்பிடி இருக்க? அத மூடுனா பூச்சியத்துல நிக்கணும். பூச்சியத்தத் தாண்டிக் கீழ மூணு கோடு போயிருந்துச்சு. அத வச்சே அளந்து ஒரு பெட்டி பாகத்த ரிஜெக்ட்டுன்னு ஒதுக்கிட்டாங்க.

பிரவீனா: நெகட்டிவ் எரரு. அந்த மூணயும் கூட்டிகினா பாகம் அத்தினியும் சரியாத்தான்...

மாடத்தி: அக்கா?

பிரவீனா: இன்னா?

மாடத்தி: கூட்டணும்னு உங்களுக்கு எப்பிடித் தெரியும்?

பிரவீனா: தளவாய் சார் யார்கிட்டயோ சொல்லிகினு இருந்தாரு, காதுல வுழுந்துது. என்னிய இன்னாத்துக்கு முறைக்குற? டீயக் குடி, ஆறுது.

மாடத்தி: குடிக்கேன், குடிக்கேன்.

பிரவீனா: நம்ம லைன்ல இருந்த இசைவாணிய மறந்துட்டியா? பி.காம்.னு தெரிஞ்ச அன்னிக்கே மத்தியானத்துக்குள்ள ஐடி கார்ட வாங்கிகினு அனுப்புனாங்க. சேரும்போது நீயும்தான கையெழுத்துப் போட்ட, குடுத்த தகவல் பொய்யின்னா வேலைய வுட்டுத் தூக்கலாம்னு? ஹாஸ்டலும் கம்பெனிது. சாயங்காலம் பெட்டியோட இதே பஸ் ஸ்டாப்புல நிப்ப.

மாடத்தி: தெரியும்க்கா.

பிரவீனா: தெரிஞ்சும் மேட இன்னாத்துக்கு? நாளைக்கி போய் கமுக்கமா ஒரு ஃபார்ம் குடு. அவ்ளோதான.

மாடத்தி: ரூமுக்குள்ள சொன்னா ரூமுக்குள்ளயே முடிச்சிருவாங்க. இசைவாணி போனதே நமக்கு மறுநாள்தான தெரிஞ்சுது? நானூறு பொம்பளைங்க முன்னால சொன்னா, என்ன அனுப்புனாலும் எதுக்கு அனுப்புனாங்கன்னு எல்லாருக்கும் தெரியும். அந்த நானூறுல எத்தன பேரு என்ன மாதிரி சர்டிஃபிகேட்ட ஒளிச்சு வச்சிருக்காங்களோ, யாரு கண்டா?

பிரவீனா: மெதுவாப் பேசுடி, பக்கத்துல ஆளு கீது.

மாடத்தி: இன்னொண்ணு சொல்லுதேன், சிரிக்கக் கூடாது. சங்கரன்கோயில்ல எங்கம்மா எல்லார்கிட்டயும் எம்மவ லேப்ல இருக்கான்னு சொல்லிட்டுத் திரியுதா. நான்தான் அப்பிடிச் சொல்லி வச்சேன். கம்பெனிக்குக் கொறச்சு சொன்னேன், அம்மைக்குக் கூட்டிச் சொன்னேன். ரெண்டு பக்கமும் பொய்யி. அசிங்கமா இருக்குக்கா. நான் படிச்சது பிசிக்ஸ், களவு இல்ல.

பிரவீனா: சிரிக்கலடி.

மாடத்தி: வேல போனா போகட்டும். வேற தேடுவேன். ஆனா இனிமே எங்க போனாலும் டிகிரியோடதான் போவேன்.

பிரவீனா: ஒரே ஒரு நாள் பொறுத்துக்கோ. என் பேச்சக் கேளு. இன்னிக்கி அன்னா மணியோட எறங்கிடு. நாளைக்கி வந்து நானே உன்ன ஹெச்.ஆர். ரூமுக்குக் கூட்டினு போறேன்.

மாடத்தி: நாளைக்குள்ள என்ன மாறிரும்?

பிரவீனா: மாறும்.

மாடத்தி: என்னன்னு சொல்லுங்க.

பிரவீனா: சொல்ல முடியாது. கேக்காத.

மாடத்தி: அப்ப அடிக்க மாட்டேன். அந்தா பஸ் வருது, பேப்பரக் குடுங்க.

பிரவீனா: மாடத்தி, ஏய்... சொன்னாக் கேளுடி!

மாடத்தி: உங்களுக்கு ஏன்க்கா இம்புட்டுப் பதறுது? போறது என் வேலதான?

பிரவீனா: முந்தாநேத்தே அந்த வேலைக்கு ஃபார்ம் குடுத்துட்டேன்டி. ஒம்போது வருசமா பீரோவுக்கு அடியில கெடந்த பி.எஸ்சி. பிசிக்ஸ் சர்டிஃபிகேட்டும் சேத்து வெச்சுக் குடுத்தேன். இன்னிக்கி பத்து மணிக்கு ஹெச்.ஆர்.ல கூப்ட்டுகீறாங்க. தூக்குனா மொதல்ல என்னிய தூக்கட்டும், அதப் பாத்துட்டு நீ தப்பிச்சிக்குவன்னுதான் ஒரு நாள் கேட்டேன்... வுடு. இந்தா பேப்பரு, நாலு வரியயும் நல்லா சத்தமா படி. என்னிய உள்ள வெச்சிருந்தா முன்னாடி உக்காந்து கேக்குறேன், அனுப்பிட்டா கேட்டுக்கு வெளிய நின்னு கேக்குறேன். ஆனா ஒண்ணு சொல்லிட்டேன், வேல ஒண்ணுதான் கீது... பரீட்சன்னு வெச்சாங்கன்னா உனுக்காக வுட்டுக் குடுக்க மாட்டேன்.