முதுகைக் காட்டி நடந்த சேவுகன்

பழசைப் பேசாதீகன்னு இந்தக் கூட்டத்துல இப்ப ஒருத்தர் எந்திரிச்சுச் சொன்னாரு. நல்லது, உக்காருங்க தம்பி. ஒங்களுக்குத்தான் ஒரு சின்னக் கதை வச்சிருக்கேன். கேட்டுட்டு அப்புறம் பேசுவோம்.

ஏழுவரப்புன்னு ஒரு ஊரு. கண்மாய்த் தண்ணிய நம்பிப் பொழைக்கிற ஊரு. அந்த ஊருக்குச் சாமி சிலை கிடையாது. ஒரு புஸ்தகந்தான் சாமி. பேரு பொழுதுமறை. செவப்புத் துணியில சுத்தி, தனி வீடு கட்டி உள்ள வச்சிருந்தாக. காலம்னா என்னன்னு சொல்ற புஸ்தகம்.

என்ன சொல்லுச்சு? காலம் ஓடலடா, அது நின்ன எடத்துல நிக்குது, நடக்கிறவன் நீதான்னு சொல்லுச்சு. நடந்து முடிஞ்சது ஒனக்கு முன்னால நிக்குது, அதான் ஒனக்குத் தெரியுது. நடக்கப்போறது முதுகுக்குப் பின்னால இருக்கு, அதான் தெரியலன்னு சொல்லுச்சு.

அதனால அங்க ஒரு வழக்கம். யாரு புதுசா ஒரு பொறுப்புக்கு வந்தாலும், அந்தப் புஸ்தக வீட்டுக்குள்ள பின்பக்கமாத்தான் நடந்து போகணும். மூஞ்சி ஊரைப் பார்த்து இருக்கணும். அப்ப யாரும் "நில்லு"ன்னு சொல்லலாம். சொல்லிட்டா, அதுக்குப் பதில் சொல்லாம வாசப்படி தாண்ட முடியாது.

அந்த வருசம் மடை தொறந்து தண்ணி பங்கு வைக்கிற நீர்ப்பாய்ச்சி வேலைக்கு வந்தவன் சேவுகன். வசதியான ஆளு. முந்தி ஒரு பஞ்சத்துல, ராவோட ராவா வாய்க்கால்ல மணல் மூட்டையப் போட்டு, தண்ணி மொத்தத்தையும் தன் வாழைக்குத் திருப்பிக்கிட்டு, அதை இன்னைக்கு வரைக்கும் ஒத்துக்கிடாதவன். அன்னைக்கு வாய்க்கால் முடியிற கடைமடையில காஞ்சது ஒச்சம்மா வயலு. கதிரு பால் பிடிக்கிற நேரம் தாயி... மணி பிடிக்காம அப்பிடியே சாவியாப் போச்சு. ஒச்சம்மா மூத்த மக பள்ளிக்கூடத்தை விட்டுட்டுப் பஞ்சு மில்லுக்குப் போனா. இப்ப இளையவ படிக்கிறா. இந்த வருசமும் தண்ணி வரலன்னா? அவளும் அக்கா பின்னாலயே மில்லுக்குப் போக வேண்டியதுதான்.

அக்கம்பக்கத்துப் பொம்பளைக சொன்னாளுக: "விடுடி ஒச்சு, அது போன கதை."

"போச்சா? எங்கடி போச்சு? எம் மக மில்லுல பஞ்சைத் தின்னு இருமிக்கிட்டு நிக்கிறாளே... அவ போயிட்டாளா?"

பதவி ஏக்குற நாளு வந்துச்சு. ஊரே கூடி நிக்குது. சேவுகன் வேட்டிய மடிச்சுக் கட்டிக்கிட்டு வந்தான். வந்தவன் என்ன சொன்னான்?

"எனக்கு மொழங்கால் வலி. பின்னால நடந்தா விழுந்துருவேன். இந்த வருசம் முன்னால பார்த்தே போவோம். எத்தனை நாளைக்குத்தான் பழசையே பார்த்துக்கிட்டு நிக்கிறது?"

புஸ்தகம் படிக்கிற பண்டாரத்தை எல்லாரும் பார்த்தாக. அந்த வீட்டுக்கு ஓடு மாத்திக் குடுத்ததே சேவுகந்தான். பண்டாரம் தொண்டையச் செருமிக்கிட்டு, "வலின்னா... பரவாயில்ல"ன்னுட்டாரு.

வயலு காயிறப்ப வராத வலி, ஒச்சம்மா மூஞ்சியப் பார்க்கணும்னதும் வந்துருச்சு!

சேவுகன் ஊருக்கு முதுகைக் காட்டிக்கிட்டு விறுவிறுன்னு உள்ள போனான். ஒச்சம்மா கத்தினாளா? இல்ல. அழுதாளா? இல்ல. வெளக்குக்கு எண்ணெ ஊத்துறவக போற பின்வாசல் ஒண்ணு இருக்கு. சேலையத் தூக்கிச் சொருகிக்கிட்டு அது வழியா ஓடினா. சேவுகன் நிமிந்து பார்க்கிறான்... புஸ்தகத்துக்கு முன்னால ஒச்சம்மா நிக்கிறா.

"நில்லு."

"ஏ, வழிய விடு."

"விடுறேன். வாய்க்கால அடைச்சது யாருன்னு சொல்லிட்டுப் போ."

அவன் இந்தப் பக்கம் ஒதுங்கினான், அங்கயும் வந்து நின்னா. அந்தப் பக்கம் ஒதுங்கினான், அங்கயும் நின்னா. சரி, வெளிய போயிரலாம்னு திரும்பினான். வாசல் நெறைய ஊரு நிக்குது. இப்ப எந்தப் பக்கம் பார்ப்பான்?

"பண்டாரம்," ஒச்சம்மா சொன்னா, "மறையில என்ன எழுதியிருக்குன்னு இவருக்குக் கொஞ்சம் படிச்சுக் காட்டுங்க."

பண்டாரம் துணிய அவுத்தாரு. "நடந்தது ஒனக்கு முன்னால நிக்குது..." அந்த வரியோட புஸ்தகத்தை மூடிட்டாரு.

சேவுகன் தலையத் தொங்கப் போட்டுக்கிட்டு முணுமுணுத்தான். "நாந்தான் அடைச்சேன்."

"வாசல்ல நிக்கிறவுகளுக்குக் கேக்கல."

"நாந்தான் அடைச்சேன்! மணல் மூட்டை போட்டு அடைச்சேன்!"

"அப்பச் சரி. வேலைய நீயே வச்சுக்க. இந்த வருசம் மொதத் தண்ணி கடைமடைக்கு. மடை தொறக்கிறப்பவெல்லாம் நான் பக்கத்துல நிப்பேன். எனக்கு ஒன் மேல நம்பிக்கை இல்ல."

நின்னா தாயி. அறுப்பு தொடங்குற வரைக்கும் நின்னா. வயலு வெளஞ்சுச்சு. இளையவ பள்ளிக்கூடத்துல இருக்கா. பொறகு ஒருத்தி கேட்டா, "அப்ப சேவுகனை மன்னிச்சுட்டியாடி?" ஒச்சம்மா கதிரு அறுத்துக்கிட்டே சொன்னா: "அதெல்லாம் இல்ல. தண்ணி வந்துச்சு."

இந்தக் கதைய ஏன் சொல்றேன்? நம்ம கிணத்தையெல்லாம் கெடுத்த கம்பெனிக்காரன் நாளைக்கு நம்ம தெருவுக்கு வர்றான். ஆளுக்கொரு சேலையாம், சாப்பாடாம். "கிணறு கெட்டது போன கதைம்மா, புதுசா ஆரம்பிப்போம், இனிமே எதுவும் கேக்க மாட்டோம்னு இதுல கையெழுத்துப் போடுங்க"ம்பான். போன கதையா? இன்னைக்குக் காலையில எந்தத் தண்ணியில கண்ணு சோறு பொங்குனே? வெலைக்கு வாங்கின தண்ணியிலதான? கெட்டது போகல. ஒவ்வொருத்தி அடுப்படியிலயும் குடத்துல உக்காந்திருக்கு.

அவன் ஒங்களைப் பார்த்துப் பேச மாட்டான். காகிதத்தைப் பார்த்துப் பேசுவான், பஞ்சாயத்துத் தலைவரைப் பார்த்துப் பேசுவான். அவன் எந்தப் பக்கம் திரும்புறானோ அந்தப் பக்கம் போயி நில்லுங்க. எந்தக் கிணத்துல எதைக் கலந்தேன்னு அவன் வாயாலயே சொல்லட்டும். கடைசியில நிக்கிறவளுக்கும் கேக்குற மாதிரி சொல்லட்டும். அது வரைக்கும்... ஒருத்தி கையும் பேனாவைத் தொடக் கூடாது.