இரண்டு பேர் செய்கிற வேலை

விடியற்காலை நாலே முக்கால். ஊரைச் சுற்றிப் போகிற சாலை... முன்னாலும் வண்டி இல்லை, பின்னாலும் வண்டி இல்லை. அத்தான் பிரேக்கை மிதிக்கிறார். பெடல் தரையில் போய் இடிக்கிறது. வேன் நிற்கவில்லை.

அதற்குள் "செத்துட்டாங்களா?" என்று கேட்காதீர்கள். பேய் வர இன்னும் நேரமிருக்கிறது, நெருங்கி உட்காருங்கள். கைபிரேக்கை இழுத்து, ஓரத்து மணல்மேட்டில் ஏற்றி எப்படியோ நிறுத்திவிட்டார். பக்கத்து சீட்டில் அவர் மனைவி... கைப்பிடியைப் பிடித்த பிடி விடவில்லையாம்.

அத்தான் யாரென்றால், எங்கள் ஆபீஸ் கேஷியர் அம்மாவுடைய அக்கா வீட்டுக்காரர். அந்த அம்மாவுக்கு அத்தான் என்பதால் ஆபீஸ் முழுவதற்கும் அத்தான். படங்களுக்குக் கண்ணாடி அறுத்துச் சட்டம் போடுகிற கடை வைத்திருக்கிறார். அந்த அக்காவுக்கு இரண்டு சிறுநீரகமும் போய்விட்டது. வாரத்துக்கு மூன்று நாள், காலை ஆறு மணிக்கு டயாலிசிஸ். ஒரு நாள் தவறினால் மூச்சு வாங்கும். இரண்டு நாள் தவறினால்... அதைச் சொல்லவேண்டியதில்லை. அந்த நேரத்தில் வாடகை வண்டிகளை நம்ப முடியாது. அந்தக் கிழட்டு வேன்தான் அவர்களுக்கு எல்லாம்.

முதல் ஒர்க்‌ஷாப்பில் "நாளைக்கு வாங்க" என்றான். நாளைக்குப் போனால் அதே பதில். இரண்டாவது இடத்தில் வேனைச் சுற்றி வந்து, "இதையா சார்? எடைக்குப் போடுங்க" என்று சிரித்தான். அத்தானுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்துவிட்டது.

"ஒரு ரிப்பேர் புஸ்தகம் கிடைச்சா போதும். நானே கழட்டி நானே மாட்டுவேன்."

கிடைத்தால்தானே! கம்பெனிக்கு போன் செய்தால் அரை மணி நேரம் பாட்டு, பிறகு "அந்த மாடல் நிறுத்திட்டோம் சார்." இன்டர்நெட்டில் தேடினால் பேரைக் கொடு, நம்பரைக் கொடு, பாஸ்வேர்டில் ஒரு பெரிய எழுத்து வை என்று உயிரை எடுத்துவிட்டு, கடைசியில் இறங்கியது பன்னிரண்டு பக்கம். அதில் எட்டு பக்கம் எச்சரிக்கை. இன்னொன்றுக்கு அட்டை இந்த வேனுடையது, உள்ளே முழுக்க டிராக்டர். வீடியோக்காரன் ஒருவன், "ரொம்ப ஈஸி நண்பர்களே" என்று ஆரம்பித்து, முக்கியமான இடம் வரும்போது கேமராவுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நின்றான். அன்றைக்கு அத்தான் போனைச் சுவரில் அடிக்காதது பெரிய விஷயம்.

இதற்கிடையில் டாக்சி வராமல் ஒரு நாள் தவறிப்போயிற்று. அக்கா இரவு முழுக்கத் தலையணையை முதுகுக்கு வைத்து உட்கார்ந்தபடியே மூச்சு விட்டாராம். அத்தான் பக்கத்திலேயே உட்கார்ந்து, ஒன்றும் செய்ய முடியாத கோபத்தில் அழுதிருக்கிறார்.

மறுநாள் பழைய பேப்பர் கடையில், மூட்டைக்கு அடியில் அந்தப் புஸ்தகம்... அதே மாடல், அதே வருஷம். பக்கமெல்லாம் கிரீஸ் கட்டைவிரல் ரேகை. முடித்த ஒவ்வொரு வேலைக்கும் பக்கத்தில் யாரோ பென்சிலால் டிக் அடித்திருந்தார்கள். பிரேக்கில் சேர்ந்த காற்றை எடுக்கிற பக்கத்தில் மட்டும் டிக் இல்லை. படத்தில் இரண்டு பேர். ஒருவன் உள்ளே உட்கார்ந்து பெடலை அமுக்குகிறான். இன்னொருவன் சக்கரத்தடியில் படுத்து, காற்று வெளியேறுகிற நிப்பிளைத் திறந்து மூடுகிறான். படத்துக்குக் கீழே, பென்சிலில்: "தனியாகவே முடியும். சத்தமாகச் சொல்."

இனிமேல்தான் கவனமாகக் கேட்க வேண்டும். நேரம் பகல் பதினொன்றரை. பளிச்சென்று வெயில். அக்காவும் கேஷியர் அம்மாவும் ரத்தப் பரிசோதனைக்குப் போயிருக்கிறார்கள். அத்தான் தனி ஆள். பெடல்மேல் செங்கல் வைத்தார், சரிந்தது. சீட்டுக்கும் பெடலுக்கும் நடுவே கட்டையை முட்டுக்கொடுத்தார், தெறித்தது. ஒவ்வொரு தடவையும் வெளியே ஊர்ந்து வந்து, அமுக்கிவிட்டு, மறுபடி உள்ளே ஊர்ந்து... முழங்கை தோலுரிந்து, கண்ணில் பிரேக் ஆயில் பட்டு எரிகிறது. வேனுக்கடியில் படுத்தபடியே வெறுப்பில் கத்தினார்.

"அமுக்கித் தொலை!"

கிர்ர்க்...

பெடல் அமுங்குகிற சத்தம். நிப்பிளில் மாட்டியிருந்த குழாய் வழியாக ஆயில் பாட்டிலில் பாய்ந்தது. புளுக்... புளுக்... காற்றுக் குமிழ்.

அக்கா திரும்பி வந்துவிட்டார் என்று நினைத்துக்கொண்டார். நிப்பிளை மூடி, "விடு" என்றார். பெடல் எழும்பியது. "அமுக்கு." கிர்ர்க். "விடு." நடுவில், "ஏன் இப்படி மிதிக்கறே? மெதுவா!" என்று எரிந்து விழுந்தார். அடுத்த முறை மெதுவாக அமுங்கியது. நாலு சக்கரமும் முடிந்தது.

வெளியே வந்து பார்த்தால் டிரைவர் சீட்டில் யாரும் இல்லை. அப்போதுதான் வாசலில் ஆட்டோ வந்து நின்றது. அக்காவும் கேஷியர் அம்மாவும் இறங்கினார்கள்.

"நீ... இப்பத்தான் வர்றியா?"

"ஆமா. ஏன் பேயறைஞ்ச மாதிரி நிக்கறீங்க?"

அத்தான் கையைத் துடைத்துக்கொண்டார். ஏறி ஒரு சுற்று ஓட்டிப் பார்த்தார். மிதித்த இடத்தில் நின்றது வேன். அவருக்கு அதுதானே வேண்டும்!

அடுத்த செவ்வாய், அதே சாலை, அதே இருட்டு. அக்கா கண்ணாடியில் தலை சாய்த்துத் தூங்குகிறார். முன்னால் ஒரு லாரி, பின்விளக்கு இல்லாமல், நடு ரோட்டில்... அத்தான் பிரேக்கில் காலை வைத்தார்.

பெடல் தட்டுப்படவில்லை. செருப்புக்கு அடியில் ஏதோ மெத்தென்று இருந்தது. குனிந்து பார்க்க நேரமில்லை, ஓங்கி மிதித்துவிட்டார். வேன் லாரிக்கு ஒரு முழம் முன்னால் நின்றது. அப்போதுதான் அவர் செருப்பு நழுவி, வெறும் பாதம் அதன்மேல் பட்டது... சில்லென்று. ஒரு கால். பெடல்மேல் ஏற்கெனவே வைத்திருந்த கால். அதன் விரல்கள் மெல்ல மடங்கி நிமிர்ந்தன.

"என்னங்க, ஆஸ்பத்திரி வந்துடுச்சா?"

"இன்னும் இல்ல. நீ தூங்கு."

ஓட்டிக்கொண்டே போனார். வேறென்ன செய்வார்? ஆறு மணிக்கு மெஷின் காத்திருக்காது.

அக்காவை உள்ளே படுக்க வைத்துவிட்டு, ஆம்புலன்ஸ் டிரைவர் ஒருவரைக் கூப்பிட்டு வேனைக் காட்டினார். அந்த ஆள் பானெட்டைத் திறந்து, விரலை விட்டுத் துழாவினார்.

"சார், பிரேக் ஆயில் டப்பா காஞ்சு கிடக்கு. ஒரு சொட்டுகூட இல்ல. எப்படி வண்டிய நிறுத்தினீங்க?"

இது நடந்து நாலு மாதம். மறுபடி ஆயில் ஊற்றினாலும் மறுநாள் காய்ந்துவிடுகிறதாம். ஆனால் வேன் ஒரு நாளும் நிற்காமல் போனதில்லை. அக்காவுக்கும் ஒரு நாள்கூடத் தவறவில்லை. கேஷியர் அம்மாவிடம் மட்டும்தான் அத்தான் இதைச் சொன்னார். அவர் பயந்துபோய், "இறங்கிப் போன்னு சத்தமா சொல்லிடுங்களேன் அத்தான்" என்றிருக்கிறார்.

"சொல்லிடலாம். அது போன பிறகு பிரேக்கை எவன் பிடிப்பான்?" என்று கத்தினாராம். "உங்கக்காவ நான் எதுல கூட்டிட்டுப் போறது?"

போன வாரம் கேஷியர் அம்மா அவர்களோடு அந்த வேனில் போனார். அத்தான் ஏறியதும் செருப்பைக் கழற்றி சீட்டுக்குப் பின்னால் வைத்தார். வெறுங்கால். எதற்கு என்று கேட்டதற்கு, தூங்குகிற மனைவியை ஒரு தரம் பார்த்துக்கொண்டு, மெல்லச் சொன்னாராம்.

"செருப்போட மிதிச்சா முனகுது. இவ முழிச்சுக்கறா."