ஏழு நாள் சொன்ன கதை

டீயில் சர்க்கரை போடவில்லை. நீ விட்டுவிட்டதாகப் போன மாதம் சொன்னாயே. உன்னைப் பற்றிய எதுவும் எனக்கு மறக்காது. நீ உட்கார், நான் நின்றுகொண்டே பேசுகிறேன். என் கால் ஓர் இடத்தில் நிற்காது என்று உனக்குத் தெரியாதா என்ன.

என் கைப்பையிலிருந்து நீ எடுத்த தாளில் இருப்பது என் கையெழுத்துதான். இல்லையென்று சாதிக்க மாட்டேன்.

எனக்கு அப்போது பதினொரு வயது. உன்னைப் பெற்ற என் அக்காவுக்குப் பதினாலு. எங்கள் தம்பிக்கு ஒன்றரை. பெரியவர்கள் வேலைக்குப் போயிருந்தார்கள். அக்கா மாடிக்குத் துணி காயப்போடப் போகும்போது, தம்பி தண்ணீர்த் தொட்டிப் பக்கம் போகாமல் பார்த்துக்கொள் என்று சொல்லிவிட்டுத்தான் போனாள். அடுத்த அறையில் ரேடியோ பாடியது. நான் போய் ஒரு பாட்டுக் கேட்டேன். சரி, இரண்டு பாட்டு. அக்கா இறங்கி வந்தபோது தொட்டிக்குள் எல்லாம் முடிந்திருந்தது. அவள் என்னை ஓர் அடிகூட அடிக்கவில்லை. ரேடியோவை அணைத்தாள்.

"அவன் தூங்கிட்டிருந்தான். நாம ரெண்டு பேரும் மாடியில இருந்தோம். யார் கேட்டாலும் இதைத்தான் சொல்லணும், வேற மூச்சு விடாதே" என்றாள்.

பதின்மூன்று வருடம் கழித்து நீ பிறந்தாய். உன்னைக் குளிப்பாட்ட எடுத்தால் என் கை வெடவெடவென்று நடுங்கும். அக்கா ஒன்றும் கேட்காமல் உன்னை வாங்கிக்கொள்வாள். அந்தப் பெருந்தன்மைதான் எனக்குத் தாங்கவில்லை. திட்டியிருந்தாலாவது பரவாயில்லை.

நான் வேலை பார்த்த மூக்குக்கண்ணாடிக் கடையின் முதலாளிக்கு நினைவை மாற்றும் ஒரு வித்தை தெரியும். கண் சோதிக்கும் வெற்று ஃபிரேமை மாட்டிக்கொண்டு, கண்ணை மூடி, நடந்ததை ஒரே ஒருமுறை அப்படியே சொல்ல வேண்டும். பிறகு நடந்திருக்க வேண்டியதை ஏழு நாள், ஒரு சொல் மாறாமல். எட்டாம் நாள், சொன்னவருக்கு அதுதான் நடந்ததாக ஆகிவிடும். எதையும் எழுதி வைக்காதே, எழுதியது அழியாது என்று எச்சரித்தார். இன்னொன்றும் சொன்னார்.

"நீ விலகிக்கிட்டா அந்த இடம் காலியா இருக்காதும்மா. அந்த வீட்டுல இருந்த யாராவது வந்து நின்னாகணும். அவங்களுக்கும் அப்படியேதான் ஞாபகம் இருக்கும்."

அந்த வீட்டில் வேறு யார் இருந்தார்கள், நீயே சொல்.

எனக்கு மனப்பாடம் வராது. அதனால் ஒரு தாளில், மேலே நடந்ததையும் கீழே நான் சொல்ல வேண்டியதையும் எழுதிவைத்துப் படித்தேன். எட்டாம் நாள் விடிந்தபோது, துணி காயப்போடப் போனது நான், ரேடியோ கேட்டது அக்கா. தாள் எழுதியதுகூட நினைவில் இல்லை. அன்று உன்னைக் குளிப்பாட்டினேன். கை ஆடவேயில்லை. எவ்வளவு சந்தோஷமாக இருந்தது தெரியுமா.

அக்கா உன்னைத் தொடவே பயந்தாள். உன் அப்பா கப்பல் வேலையில் இருந்தார், அவருக்கு ஒன்றும் புரியவில்லை. ஆறு மாதம் பல்லைக் கடித்துக்கொண்டு பார்த்துவிட்டு, உன்னைத் தூக்கி வந்து என் கையில் கொடுத்தாள். அவளைப் பார்க்கவே பாவமாக இருந்தது. இரு, குழாயை மூடினேனா என்று பார்த்துவிட்டு வருகிறேன்.

மூடித்தான் இருக்கிறது.

உன் நாலாவது வயதில், தையல் மெஷின் இழுப்பறையில் அந்தத் தாள் கிடைத்தது. படித்ததும் எல்லாம் திரும்பி வந்துவிட்டது. முதலாளியிடம் ஓடினேன். மேல் பாதியை அக்காவிடம் வாய்விட்டுப் படித்துக் காட்டினால் போதும், அவள் மனசிலிருந்து அது இறங்கிவிடும் என்றார். போகத்தான் கிளம்பினேன். நீ வாசல் வரை வந்து, "எங்கேம்மா போறே?" என்றாய். என்னைத்தான் அம்மா என்றாய். அவளைப் பெரியம்மா என்பாய், நானும் திருத்தியதில்லை. செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டேன். நாளைக்குப் போகலாம் என்று நினைத்தேன். இருபத்திரண்டு வருடம் தாளைப் பையிலேயே வைத்துக்கொண்டு அலைந்தேன். ஒரு வேளைச் சோறு நிம்மதியாகத் தின்றதில்லை, அதையும் நீ யோசிக்க வேண்டும்.

போன வாரம் ஆஸ்பத்திரியில், அக்கா மாத்திரைகளை விழுங்காமல் தலையணைக்கு அடியில் ஒளித்துவைப்பதாக நர்ஸ் சொன்னார். ஏன் என்று அக்காவிடம் கேட்டேன். என்னைக் குனியச் சொன்னாள்.

"தம்பி என்னாலதானே போனான்? உனக்கு மட்டும்தான் தெரியும். சொல்லு."

பை என் மடியில்தான் இருந்தது. நீ வெளியே டாக்டரிடம் பேசிக்கொண்டிருந்தாய். எந்த நேரமும் உள்ளே வந்துவிடுவாயோ என்று எனக்கு ஒரே பதைப்பு.

"ஆமாக்கா. ஆனா நான் உன்னை எப்பவோ மன்னிச்சிட்டேன்" என்றேன்.

என் கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். மறுநாள் போய்விட்டாள்.

வாய் வார்த்தைக்காகச் சொல்லவில்லை, மனசாரத்தான் சொன்னேன். அவள்மேல் எனக்கு இன்றுவரை துளிக் கோபம் கிடையாது.