குறைத்துச் சொன்ன நாலு வயது

"ஹலோ... லேபா? சிஸ்டர், வெச்சிடாதீங்க! இப்ப பேசினேனே, அதே ஆள்தான்... ஆமாம், ஆமாம், பன்னிரண்டாவது வாரம். குழந்தைக்குக் குறை ஏதும் இருக்குமான்னு பாக்கற ரத்தப் பரிசோதனை... முந்தாநாள் குடுத்தேன்... என்ன சத்தமா? குழாய் சத்தம். நீங்க சொல்லுங்க."

குழாயைத் திறந்துவிட்டதே அவள்தான். குளியலறைக் கதவுக்கு அந்தப் பக்கம் கணவர் சட்டைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை அவர் காதில் விழுந்தாலும் தொலைந்தது.

"ரிசல்ட் போட்டாச்சா?... நாலு மணிக்கா? அப்பாடா... இல்ல, ஃபார்மை அப்புறம் எடுங்க, முதல்ல நான் சொல்றதைக் கேளுங்க. அதுல வயசு தப்பு... முப்பத்தொண்ணு இல்ல சிஸ்டர். முப்பத்தஞ்சு... கை தவறி எழுதினது இல்ல. நான் சொன்னேன், எங்க வீட்டுக்காரர் எழுதினாரு... என் வயசு எனக்குத் தெரியாதா? தெரியும்... தெரிஞ்சுதான்..."

கல்யாணப் பேச்சில் அவளுடைய அக்கா நாலு வயதை அமுக்கிவிட்டாள். அதுவும் யாரிடம்? ஒரு கணக்கு வாத்தியாரிடம்! இரண்டு வருடமாக அந்தப் பொய் ஒரு மூலையில் சத்தம் போடாமல் கிடந்தது. நேற்று ஆபீசில் பக்கத்து நாற்காலிக்காரி, "இந்த டெஸ்ட்டுல அம்மாவோட வயசையும் சேர்த்துத்தான் கணக்குப் போடுவாங்க" என்று பேச்சோடு பேச்சாகச் சொன்னாள். அதிலிருந்து இவளுக்குப் பச்சைத் தண்ணீர்கூட இறங்கவில்லை.

"பொய் வயசை வெச்சு நல்லாயிருக்குன்னு வந்தா, அதை நான் எப்படி நம்பறது?... திட்டுங்க, பரவாயில்ல... என்னது, வயசை மாத்தணும்னா எழுதினவர் கையெழுத்து வேணுமா? ஐயய்யோ, அவருக்கு ஃபோன் பண்ணாதீங்க! அப்புறம் அவர் முகத்துல நான் எப்படி முழிப்பேன்?... வேற வழி?... இல்லையா?"

வாளி நிரம்பி வழிந்தது. அவள் கால் நனைவதைக்கூடக் கவனிக்கவில்லை.

"சரி... சரி, கூப்பிடுங்க. அவர்கிட்டயே கேளுங்க. குழந்தையைவிட என் மானம் என்ன பெரிசு?... நம்பர் ஃபார்ம்லயே இருக்கும், பாருங்க... ம்... இருக்கேன்... இருக்கேன் சிஸ்டர்... என்னது? முப்பத்தஞ்சுன்னா இருக்கு?... அடிச்சுட்டு எழுதியிருக்கா? யாரு?... அவரா! எப்ப?... ஆமாம், நான் வெளிய பெஞ்சுல உக்காந்திருந்தேன். தண்ணி பாட்டிலை விட்டுட்டேன்னு திரும்ப உள்ள போனாரே... பாட்டில் என் பையிலதான் இருந்துது... என்ன சொன்னாரு?... எங்கிட்ட கேக்க வேணாம்னா?... 'சங்கடப்படுவா'ன்னா சொன்னாரு?"

எத்தனை நாளாக இந்த மனுஷர் இதை விழுங்கி வைத்திருந்தார்? கோபம் வந்தது, சிரிப்பு வந்தது, இரண்டையும் தள்ளிக்கொண்டு அழுகை வந்தது. கதவுக்கு அந்தப் பக்கம் அவர் ஏதோ பாட்டை முணுமுணுத்தபடி காலரைத் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"இல்ல சிஸ்டர், அழல... பயம்தான். நாலு மணி வரைக்கும் பயம்தான்... எது வந்தாலும் டாக்டர்கிட்டயே கேட்டுக்கறோம்... ஆமாம், ஆமாம், ரெண்டு பேரும்தான் வரோம்... சிஸ்டர், ஒரு நிமிஷம், வெச்சிடாதீங்க! நான் ஃபோன் பண்ணினதை மட்டும் அவர்கிட்ட சொல்லிடாதீங்க... ஏனா? பாவம், சங்கடப்படுவாரு... வெச்சிடறேன்."