சொல்லிவிட்டுத்தான் கழற்றினேன்

மார்ச் முப்பத்தொன்றாம் தேதியோடு, என் வெல்டிங் பட்டறைக்கு மேலே இருக்கும் மாடி வீட்டின் வாடகை ஒப்பந்தம் முடிந்தது.

டீயில் சர்க்கரை வேண்டாம், இன்ஸ்பெக்டர் ஐயா. சொல்கிறேன், எழுதிக்கொள்ளுங்கள்.

மாடியில் இருந்தவர் ஆஸ்பத்திரி ஒன்றில் டெலிபோன் ஆபரேட்டராக இருந்து ஓய்வு பெற்றவர். பிறவியிலேயே பார்வை கிடையாது. யார் காலடிச் சத்தம் கேட்டாலும் 'ஹலோ' என்பார். அதனால் தெருவுக்கே அவர் ஹலோ சார். நல்ல மனிதர். அதை யாரிடமும் மறுக்க மாட்டேன்.

என் மகள் கணவனோடு ஒத்துவராமல் இரண்டு குழந்தைகளோடு வந்துவிட்டாள். பட்டறைக்குப் பின்னால் ஒரே அறை. அதில் நாலு பேர். புகையில் சின்னவளுக்கு மூச்சு இழுத்தது. "மேல எப்பப்பா காலியாகும்?" என்று மகள் தினமும் கேட்பாள். பிறகு கேட்பதையே விட்டுவிட்டாள். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

ஹலோ சாரிடம் முன்கூட்டியே சொல்லியிருந்தேன். "போக மாட்டேன்னு இல்லண்ணே. இந்த வீட்டை என் கை மனப்பாடம் பண்ணி வெச்சிருக்கு. இந்த வயசுல இன்னொரு வீடு மண்டையில ஏறாது," என்றார். வக்கீலிடம் போனேன். "கேஸ் போடலாம். உங்க பேத்தி கல்யாணத்துக்குள்ள தீர்ப்பு வந்துடும்," என்றார்.

முதலில் மின்சாரத்தை நிறுத்தினேன். சொல்லிவிட்டுத்தான். அவர் விழுந்து விழுந்து சிரித்தார். "இருட்டைக் காட்டி என்னையா பயமுறுத்துறீங்க? ஃபேன் போனதுதாண்ணே கஷ்டம்." எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

அடுத்து குளியலறைக் கதவு. பிறகு சமையலறைக் குழாய். பிறகு மாடிப்படியின் கைப்பிடி. எல்லாம் நான் போட்டவை, ரிப்பேருக்கு என்று நானே எடுத்தேன். ஒவ்வொரு முறையும் மேலே போய்ச் சொன்னேன். அவர் வந்து வெற்றிடத்தை ஒரு தடவை தடவிப் பார்ப்பார். "சரி, ஏறிடுச்சு. துரத்துறதுன்னாலும் சொல்லிட்டுத் துரத்துறீங்க பாருங்க, அந்த மனசு யாருக்கு வரும்?" கிண்டலா, உண்மையா என்று இன்றுவரை தெரியவில்லை. மறுநாளே பழையபடி நடமாடுவார். கழற்றிக் கழற்றி என் கைதான் ஓய்ந்தது.

மிச்சம் இருந்தது பால்கனிக் கம்பி. இடுப்பளவு உயரம், என் கையால் அடித்தது. தினமும் காலையில் குளித்துவிட்டு ஈரத் துண்டோடு வருவார். வீட்டுக்குள் அவர் தடி எடுப்பதில்லை, தேவைப்படவில்லை. துண்டைக் கம்பியில் விரித்த கையோடு இரண்டு முழங்கையையும் அதில் ஊன்றிக் குனிந்து, "ஹலோ, பட்டறை திறந்தாச்சா?" என்பார்.

அவர் மருந்து வாங்கப் போயிருந்த மாலையில் அந்தக் கம்பியைக் கழற்றிக் கீழே கொண்டுவந்தேன். அன்றே சொல்லியிருக்கலாம். உடம்பு அசதியாக இருந்தது. காலையில் சொல்லிக்கொள்ளலாம் என்று படுத்துவிட்டேன்.

காலையில் பட்டறையில் அந்தக் கம்பியின் துருவைத்தான் கிரைண்டரில் தேய்த்துக்கொண்டிருந்தேன். நன்றாகத் தேய்த்து முடித்துத் திரும்பப் பொருத்தும் எண்ணம்தான். வீட்டில் குழந்தைகள் இருக்கப் போகிறார்களே. மேலே கதவு திறந்தது. துண்டோடு வந்தார். நான் நிமிர்ந்து பார்த்துச் சொன்னேன், "சார், பால்கனிக் கம்பியை எடுத்துட்டேன்." வழக்கமாகச் சொல்கிற அதே குரலில்தான் சொன்னேன்.

துண்டு முதலில் வந்தது. பின்னாலேயே அவர்.

மகள் மாடிக்குக் குடிபோக மாட்டேன் என்றுவிட்டாள். குழந்தைகளைக் கூட்டிக்கொண்டு கணவன் வீட்டுக்கே போய்விட்டாள். வீடு பூட்டிக் கிடக்கிறது. சாவி உங்கள் மேசையில் இருக்கிறது.

சொல்லாமல் செய்தேன் என்று மட்டும் எழுதாதீர்கள், ஐயா. அவரிடம் நான் எதையுமே சொல்லாமல் செய்ததில்லை.

கிரைண்டரை நிறுத்திவிட்டுச் சொல்லியிருக்கலாமே என்கிறீர்கள். நிறுத்தியிருந்தால் அவருக்குக் கேட்டிருக்கும்.