சிட்டுவும் நானும் பார்த்த வேலை

குடிநீரில் குளோரின் வாடை அடிக்கிறது என்று புகார் கொடுப்பவர்களை நான் என்றுமே ஒரு பொருட்டாக மதித்ததில்லை. அந்த வாடை இருப்பதால்தான் அவர்கள் வீட்டில் யாருக்கும் பேதி இல்லை. அதை எடுத்துச் சொல்வதும் வீண். குழாயைத் திறந்தால் தண்ணீர் வருகிறது. அதற்குமேல் யோசிக்கும் பழக்கம் மக்களுக்குக் கிடையாது.

நீங்கள் விசாரிக்க உட்கார்ந்திருப்பதால் கொஞ்சம் விளக்குகிறேன். நீரேற்று நிலையத்தின் பின்பக்கம் குளோரின் அறை. உள்ளே ஆள் நீளத்துக்கு சிலிண்டர்கள். ஒன்று தீர்ந்ததும் அடுத்ததை இணைத்து வால்வைத் திறக்க வேண்டும். நான் அங்கே நிரந்தரப் பணியாளர். தேர்வு எழுதி, முறைப்படி உள்ளே வந்தவன். அடுத்த ஷிப்டைப் பார்த்தவள் ஒப்பந்தக்காரர் அனுப்பிய பெண். குள்ளமாக, துறுதுறுவென்று இருப்பதால் எல்லோருக்கும் அவள் சிட்டு. நான் அப்படிக் கூப்பிட்டதில்லை. "அந்தக் கான்ட்ராக்ட்" என்பேன். வருஷா வருஷம் மாறுகிற சாமானுக்குப் பெயர் எதற்கு?

ஆனால் அவள் மாறவில்லை. ஒப்பந்தக்காரர்கள் மாறினார்கள், அவள் அதே நாற்காலியில் இருந்தாள். என் சம்பளத்தில் மூன்றில் ஒரு பங்குதான் அவளுக்கு. அதுவே அதிகம் என்பது என் அபிப்பிராயம். அவளுக்கு வேறு அபிப்பிராயம். ஒரே வேலைக்கு ஒரே சம்பளம் வேண்டும் என்று வழக்குப் போட்டாள்.

கேன்டீனில் எல்லோர் முன்னாலும் என்னைக் கேட்டாள்: "அண்ணே, யாரு பர்மனன்ட்டு, யாரு கான்ட்ராக்டுன்னு தண்ணிக்குத் தெரியுமா?"

பம்ப் ஓட்டுகிறவனுக்குச் சிரித்துச் சிரித்துப் புரையேறியது. நானும் சிரித்து வைத்தேன். வீட்டில் சொன்னால், என் மனைவியும் சிரிக்கிறாள். "நல்லாத்தானே கேட்டிருக்கா? நீங்க பாக்குற வேலையத்தானே அவளும் பாக்குறா?" கல்யாணமான நாளிலிருந்து என் சம்பளத்தில் சாப்பிடுகிறவள்.

இரண்டும் ஒரே வேலைதானா என்று பார்த்துச் சொல்ல நீதிமன்றம் ஒரு பொறியாளரை அனுப்பியது. சும்மா உட்கார்ந்திருந்தாலே வியர்த்து வழிகிற மனிதர். "உங்க வேலைக்கும் அந்தம்மா வேலைக்கும் என்ன வித்தியாசம், சொல்லுங்க" என்றார். அனுபவம் என்றேன். பொறுப்பு என்றேன். அவர் எதையும் எழுதாமல் பேனாவை மூடினார். "சரி, நாளைக்கு அவங்க செய்யறத நேர்லயே பாத்துடறேன்" என்று கிளம்பிவிட்டார்.

சிலருக்குச் சொன்னால் ஏறாது, காட்ட வேண்டும்.

மறுநாள் அவள் திறக்க வேண்டிய சிலிண்டரை இணைத்து வைத்தது நான். இணைப்பில் ஒவ்வொரு முறையும் புது ஈய வாஷர் போட வேண்டும். நான் விரிசல் விட்ட பழையதைப் போட்டேன். வால்வைக் கொஞ்சம் திறந்தால் மூக்குக்குத் தெரியாத அளவு கசியும். முழுக்கத் திறந்தால் பீய்ச்சியடிக்கும். அவள் இருமிக்கொண்டு வெளியே ஓடிவருவாள். நான் உள்ளே போய் மூடுவேன். பொறியாளருக்கு வித்தியாசம் விளங்கிவிடும். என் எண்ணம் இவ்வளவுதான்.

அவள் சோதிக்காமல் முழுக்கத் திறக்கிறவள் அல்ல. முதலில் வால்வைக் கொஞ்சம் திறந்து, அமோனியா பாட்டிலை இணைப்பின் அருகே காட்டுவாள். கசிவு இருந்தால் வெண்புகை எழும். ஆகவே அந்தப் பாட்டிலில், வாடை மட்டும் மிஞ்சும்படி தண்ணீர் கலந்து வைத்தேன்.

முகமூடியைப் பற்றிக் கேட்டீர்கள். இரண்டு உண்டு. புதியது நிரந்தரப் பணியாளர் பெயரில் வந்தது. அதை என் லாக்கரில் பூட்டி வைப்பதில் விதிமீறல் எதுவும் இல்லை. வாசல் கொக்கியில் தொங்கிய பழையதற்கு வடிகட்டி செத்துப்போய் ரொம்ப நாளாகிறது. மாற்றித் தரச் சொல்லி அவளும் மேலிடத்தில் கேட்டுக்கொண்டுதான் இருந்தாள். ஒப்பந்த ஆள் கேட்டால் யார் கொடுப்பார்கள்?

காலையில் அவளிடம் பொறுப்பை ஒப்படைத்துவிட்டு, லாக்கரிலிருந்து முகமூடியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு வெளியே, காற்று வரும் பக்கமாக நின்றேன். பொறியாளர் பக்கத்தில் நின்று பார்க்க, அவள் சோதித்தாள். புகை எழவில்லை. முழுக்கத் திறந்தாள்.

நான் கணக்குப் போட்டதைவிட வேகமாக வந்தது. பொறியாளர் உறைந்துபோய் நின்றார். அவள் அவரை முதுகில் கைவைத்து வெளியே தள்ளினாள். "மேட்டுப் பக்கம் ஓடுங்க சார், நிக்காதீங்க." அவர் கண்ணைப் பொத்திக்கொண்டு ஓடினார். அவளும் ஓடியிருக்கலாம். ஓடவில்லை. குளோரின் பள்ளத்தில் இறங்கும்; மதிலுக்கு அந்தப் பக்கம் பள்ளத்தில் குடியிருப்பு. என் எதிரே வந்து கையை நீட்டினாள்.

"அண்ணே, அதக் குடுங்க."

நான் மறுத்தேன் என்று எழுதாதீர்கள். நான் பேசவே இல்லை. அவள் என் முகத்தை ஒரு தரம் பார்த்தாள். பிறகு கொக்கியில் தொங்கியதை மாட்டிக்கொண்டு உள்ளே போனாள்.

வால்வை ஒழுங்காகத்தான் மூடியிருந்தாள். அதைக் குறை சொல்ல மாட்டேன். திரும்பி வரும்போது வாசற்படி அருகே விழுந்தாள். மருத்துவமனையில் இரண்டாம் நாள் போய்விட்டாள். பொறியாளர் கட்டிலில் படுத்தபடியே அறிக்கை கொடுத்தார்: இரண்டும் ஒரே வேலை. இப்போது எல்லா ஒப்பந்த ஆட்களுக்கும் என் சம்பளம். பம்ப் ஓட்டுகிறவன் அவள் படத்தைக் கேன்டீனில் மாட்டியிருக்கிறான்.

மனசாட்சி உறுத்தி நான் போலீஸ் ஸ்டேஷனுக்கு வந்ததாக நினைக்காதீர்கள். துறை விசாரணையில் என்மேல் 'கவனக்குறைவு' என்று முடிவு கட்டியிருக்கிறார்கள். மறதியில் பழைய வாஷரைப் போட்டுவிட்டேனாம். என் சர்வீஸில் மறதியாக நான் எதையும் செய்ததில்லை. வாஷரைத் தெரிந்து போட்டேன். அமோனியாவில் தெரிந்து தண்ணீர் கலந்தேன். முகமூடியைத் தெரிந்தே கொடுக்கவில்லை. திருத்தி எழுதிக்கொள்ளுங்கள்.

நீங்கள் கேட்க வருவது புரிகிறது. நல்ல முகமூடி கையில் இருந்தது, எட்டிப் பிடிக்கும் தூரத்தில் அவள் கிடந்தாள், இழுத்துப் போட்டிருக்கலாமே என்கிறீர்கள். போட்டிருக்கலாம். ஆனால் என் ஷிப்ட் முடிந்துவிட்டது ஐயா. அது அவளுடைய ஷிப்ட்.